நீ வெட்டி எறிந்த பாலம்

மகனே,

உன்னை அறைந்ததற்கு முதலில் மன்னிப்புக் கேட்டுவிடுகிறேன். இருபத்து நான்கு வயது ஆளை, கோட்டுப் போட்டு நிற்கிறவனை, அவன் வேலை பார்க்கும் இடத்தில், அவனுக்குக் கீழே வேலை செய்கிறவர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போது கன்னத்தில் அடித்தது தப்பு. சின்ன வயதில்கூட உன்னை நான் தொட்டதில்லை. அன்று தொட்டேன். அதற்காக வெட்கப்படுகிறேன். ஆனால் கோபத்துக்காக வெட்கப்படவில்லை. அது இந்த எட்டு நாளில் ஒரு துளிகூடக் குறையவில்லை. நீ வீட்டுக்கு வராமல் சிநேகிதன் வீட்டில் போய்த் தங்கிக்கொண்டாய், துணிமணியைக்கூட ஆள் விட்டு எடுத்துக்கொண்டாய். வியாழக்கிழமை மார்சேய்க்குக் கப்பல் ஏறப் போகிறாய் என்பதை உன் அம்மா சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். உன் பெட்டியில் வைக்க அவள் பொடி இடித்துக்கொண்டிருக்கிறாள். இடிக்கும்போது என் முகத்தைப் பார்ப்பதில்லை. உன் முகத்தையும் அவள் பார்க்கப் போவதில்லை என்று நினைக்கிறேன். இந்தக் கடிதத்தை அவள்தான் கொண்டு வந்து தருவாள். அவள் எதிரிலேயே வாய்விட்டுப் படி. பாதியில் மடித்துப் பைக்குள் வைத்துக்கொள்ளாதே.

நீ எடுத்த படம் என்று எங்களைக் கூப்பிட்டாய். கத்தினா வீதியில் இருக்கிற அந்தக் கொட்டகையில், பிற்பகல் ஆட்டத்துக்கு, முன்வரிசையில் எங்கள் இரண்டு பேருக்கும் நாற்காலி போட்டு வைத்திருந்தாய். உன் அம்மா கல்யாணப் பட்டைக் கட்டிக்கொண்டு வந்தாள். சுற்றிலும் வெள்ளைக்காரத் துரைமார்களும் மதாம்களும். விளக்கு அணைந்ததும் திரையில் முதலில் வந்தது என் பெயர். சைகோனில் விளையாட்டைப் படமாக எடுத்த முதல் ஆள், அந்தக் கலைக்கே தந்தை என்று பிரெஞ்சில் எழுதிப் போட்டிருந்தாய். எல்லாரும் கை தட்டினார்கள். நான் என்ன செய்தேன் தெரியுமா? எழுந்து நின்று தலை குனிந்து வணக்கம் சொன்னேன். கிழட்டுப் புத்தி. கை தட்டலைக் கேட்டால் எழுந்து நிற்கிற வியாதி எனக்கு ஓடுகிற காலத்திலேயே உண்டு. உனக்கும் அது ஒட்டியிருக்கிறது. அது வராமல் பார்த்துக்கொள். எழுந்து நிற்பதற்குமுன் எதற்குத் தட்டுகிறார்கள் என்று ஒரு தடவை கேட்டுக்கொள்.

பிறகு பந்தயம் வந்தது. நீ பிறந்த மாதத்தில் நான் எடுத்து டப்பாவில் மூடி வைத்திருந்த பந்தயம், என்னைக் கேட்காமலேயே நீ எடுத்துக்கொண்ட சுருள். கான் ஹொய் பாலம் வந்தது. அதன் மேல் அந்த வெள்ளைக்கார லெப்டினன்ட் ஓடி வந்தான், தனியாக. அவனைத் தவிரப் பாலத்தில் ஒரு காக்கை இல்லை. அப்போதுதான் உன் குரல் கேட்டது. ஒலிபெருக்கியில், நல்ல பிரெஞ்சில், நான் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பிப் படிக்க வைத்த பிரெஞ்சில், நீ சொன்னாய்: சுதேசி ஓட்டக்காரன் சுலப வழி தேடிப் படகில் ஏறிக் கால்வாயைக் கடந்துவிட்டான், ஆனால் லெப்டினன்ட் உண்மையான வீரனைப் போலப் பாலத்தின் வழியாகவே வந்தார் என்று. கொட்டகை முழுக்கச் சிரித்தது. உன் அம்மாவுக்குப் பிரெஞ்சு அரைகுறை. ஆனாலும் படகு என்ற வார்த்தை அவளுக்குத் தெரியும். என் முழங்கையைப் பிடித்துக்கொண்டு, "என்னாங்க, தம்பி ஏன் படகுங்குறான்? அந்தாளு பாலத்துலதான ஓடுனாரு?" என்று கேட்டாள். மறுபடி விளக்குப் போட்டபோது துரைமார்கள் வந்து என் கையைக் குலுக்கினார்கள். குலுக்கினேன்.

மறுநாள் காலையில் நீ படம் வெட்டுகிற அறைக்கு வந்தேன். நான் கத்திக்கொண்டு வரவில்லை. அதை நீ நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். நாற்காலியில் உட்கார்ந்து, "லோய் எங்கே?" என்றுதான் கேட்டேன். நீ சிரித்தபடி, "அப்பா, அதெல்லாம் எப்பவோ நடந்த கதை. மார்சேய்ல இருக்குற கம்பெனிக்காரங்க இந்தப் படத்தைப் பார்த்துட்டுத்தான் எனக்கு வேலையே குடுத்திருக்காங்க. ஒரு அன்னாமியக் கூலி வெள்ளைக்கார ஆபீசரை முந்துறதை எவன் அங்க திரையில போடுவான்? உங்க பேரைத்தான் முதல்ல போட்டிருக்கேனே, பாக்கலையா?" என்றாய். "நீ முழுச் சுருளையும் பார்த்தாயா?" என்று கேட்டேன். "பாத்தேன்" என்றாய். "பாலத்தில் அவன் முந்துவதைப் பார்த்தாயா?" "பாத்தேன்ப்பா." "பார்த்த பிறகும் படகு என்று சொன்னாயா?" அதற்கு நீ சொன்ன பதில் எனக்கு வரிக்கு வரி மனப்பாடம். "ஜட்ஜுங்க அப்படித்தானே தீர்ப்பு எழுதுனாங்க? நான் புதுசா எதுவும் சொல்லலையே. உண்மை மேல உங்களுக்கு இவ்வளவு அக்கறை இருந்தா இத்தனை வருஷம் அதை ஏன் டப்பாவுல பூட்டி வெச்சிருந்தீங்க?"

அதற்குப் பதில் இல்லாததால்தான் அடித்தேன். பதில் இருந்திருந்தால் அடித்திருக்க மாட்டேன். இப்போது அந்தப் பதிலை எழுதுகிறேன். உனக்கு இதை யாரும் முழுதாகச் சொன்னதில்லை. சொல்லாதது என் குற்றம். ஆனால் கேட்காமலேயே வெட்டியது உன் குற்றம்.

நான் காரைக்காலிலிருந்து இங்கே சுங்கத்தில் குமாஸ்தாவாக வந்தபோது எனக்கு இரண்டே விஷயம்தான் தெரியும். கோப்பு எழுதுவது, ஓடுவது. வேலை முடிந்ததும் துறையின் ஓரமாகவே ஓடுவேன். விளையாட்டுச் சங்கத்தில் எங்களைப் போன்றவர்களைச் சேர்த்துக்கொள்ள யோசித்தார்கள். ஆனால் நான் அவர்கள் ஆட்கள் எல்லாரையும் தோற்கடித்துக்கொண்டே இருந்ததால் வேறு வழியில்லாமல் சேர்த்தார்கள். மூன்று வருஷம் அந்தப் பாலத்துப் பந்தயத்தில் நான்தான் முதல். அந்தக் காலத்தில்தான் புகைப்படக் கடை வைத்திருந்த ஒரு வெள்ளைக்கார முசியேவுக்குப் பிரான்சிலிருந்து ஒரு சினிமாக் காமிரா வந்தது. பெட்டியைத் திறந்து பார்த்துச் சுங்கத்தில் கையெழுத்துப் போட்டவன் நான். அவர் கவர்னர் ஊர்வலங்களை எடுத்தார், கோயில் யானையை எடுத்தார். கால் முட்டி பிசகி நான் ஓட முடியாமல் உட்கார்ந்த வருஷம், அவரிடம் போய், "பந்தயத்தை எடுக்கக் காமிராவைக் கொடுங்கள்" என்று கேட்டேன். அவர் பரிகாசமாகப் பார்த்துவிட்டுக் கொடுத்தார்.

முதல் தடவை, வேறொரு சின்னப் பந்தயத்தில், புகைப்படக்காரர்களைப் போல முடிவுக் கோட்டில் முக்காலியை நட்டு வைத்து எடுத்தேன். கழுவிப் பார்த்தால் புழுதியும் கூட்டத்தின் முதுகும்தான் இருந்தன. ஓட்டம் அங்கே இல்லை. ஓடியவனுக்குத்தான் தெரியும், பந்தயம் கோட்டில் முடிவாவதில்லை. எங்கேயோ நடுவழியில், யாரும் பார்க்காத ஒரு ஏற்றத்தில், ஒருவனுக்கு மனசு விட்டுப் போகிறது, இன்னொருவனுக்குப் போவதில்லை. அந்த இடத்துக்குக் காமிராவைக் கொண்டு போக வேண்டும். அதற்காகக் குதிரை வண்டி ஒன்றை அமர்த்தினேன். பின் கதவைக் கழற்றிவிட்டு, காமிராவை சைக்கிள் டியூபுகளால் நாலு பக்கமும் இழுத்துக் கட்டித் தொங்கவிட்டேன், சக்கரம் குதித்தாலும் அது குதிக்காதபடி. வண்டி முன்னால் ஓடும், ஓட்டக்காரர்கள் பின்னால் என்னை நோக்கி ஓடி வருவார்கள். கைப்பிடியை ஒரு நொடிக்கு இரண்டு சுற்று, ஏறாமல் குறையாமல் சுற்ற வேண்டும். ஓடும்போது மூச்சை எண்ணிப் பழகியவனுக்கு அது கஷ்டமில்லை. இதைத்தான் நீ கண்டுபிடிப்பு என்கிறாய், தந்தை என்கிறாய். இது ஓர் ஓட்டக்காரனின் சாதாரண அறிவு. எதைப் பார்க்க வேண்டுமோ அதன் எதிரில் போய் நில், அவ்வளவுதான். அந்தத் தொழிலில் உனக்கு நான் சொல்லித்தரக்கூடியதும் அது ஒன்றுதான். நீ அதற்கு நேர் எதிராகச் செய்திருக்கிறாய்.

லோய் இந்த ஊர் அன்னாமியன், கான் ஹொய்யில் அரிசி மூட்டை தூக்குகிறவன். நான் கடைசியாக ஓடிய வருஷம் அவனை ஒரு மார்பளவு தூரத்தில்தான் ஜெயித்தேன். முடிந்ததும் அவன் என்னிடம் வந்து, தான் குடித்துக்கொண்டிருந்த இளநீரில் பாதியை என்னிடம் நீட்டினான். எங்கள் இருவருக்கும் அப்போது பொதுவாக நாலு வார்த்தைகூட இல்லை. நான் வாங்கிக் குடித்தேன். அடுத்த வருஷம் நான் வண்டியில் காமிராவோடு உட்கார்ந்திருந்தேன், அவன் வெறுங்காலோடு கோட்டில் நின்றான். சுங்க மாளிகையின் முன்னால் தொடங்கி, பாலத்தைக் கடந்து, கான் ஹொய்க் கிடங்குகளைச் சுற்றிக்கொண்டு, மறுபடி அதே பாலத்தின் வழியாகத் திரும்ப வேண்டும். நடுவர்கள் எல்லாரும் தொடங்கிய இடத்திலேயே நிழலில் உட்கார்ந்திருந்தார்கள். திரும்பும் வழியில் பாலத்து ஏற்றம் வரைக்கும் லெப்டினன்ட்தான் முன்னால். ஏற்றத்தில் அவன் தோள் ஆடத் தொடங்கியது. லோய்க்கு ஆடவில்லை. அவன் வந்துகொண்டே இருந்தான். அவன் முகம் காமிராக் கண்ணாடியை நிரப்பியது. வண்டிக்காரர் நம்ம ஊர்க்காரர், பெரியவர். திரும்பிப் பார்த்துவிட்டு, "குதிரையத் தட்டி வுடவா தம்பி? இவன் வண்டியில வந்து இடிச்சுருவான் போலருக்கே!" என்று கத்தினார். என் கை சுற்றிக்கொண்டே இருந்தது. பாலம் முழுக்க, இந்தக் கரையிலிருந்து அந்தக் கரை வரை, அவன் கடந்தது முழுக்க அதில் இருக்கிறது. நீ பார்த்திருக்கிறாய்.

லோய்தான் முதலில் வந்தான். மூட்டை தூக்குகிறவர்கள் அவனைத் தோளில் தூக்கிக்கொண்டு ஆடினார்கள். அப்புறம் நடுவர் மேசையில் குசுகுசுப்பு. லெப்டினன்ட் நாற்காலியில் சாய்ந்து கிடந்தான், ஒன்றும் சொல்லவில்லை. ஒருவர் எழுந்து, சுதேசி ஓட்டக்காரன் திரும்பும்போது பாலத்துக்கு வராமல் சாம்பான் படகில் ஏறிக் கால்வாயைக் கடந்ததாகத் தகவல் வந்திருக்கிறது என்றார். யார் தகவல் கொடுத்தது என்று சொல்லவில்லை. தோளில் இருந்தவனை இறக்கிவிட்டார்கள். அவனுக்குப் புரிய நேரம் ஆயிற்று. புரிந்ததும் அவன் யாரோடும் சண்டை போடவில்லை. என் பக்கம் கையை நீட்டினான். "படக்கார அண்ணனைக் கேளுங்க. அவர் என்னைப் பார்த்துக்கிட்டே வந்தார்" என்று அவன் மொழியில் சொன்னதை ஒருவர் பிரெஞ்சில் பெயர்த்துச் சொன்னார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். பிலிம் பெட்டி என் மடியில் இருந்தது. நடுவர்களின் தலைவர் கேட்டார். நான் சொன்னேன்: "வெளிச்சம் புகுந்துவிட்டது, முசியே. பிலிம் கறுத்துப்போயிருக்கும்." அவர் விடவில்லை. "பிலிம் போகட்டும், உன் கண் என்ன பார்த்தது?" என்றார். "ஒரே புழுதி, முசியே. தெரியவில்லை" என்றேன். வண்டிக்காரர் குதிரையின் கழுத்தைத் தடவியபடி நின்றார். வண்டி ஓட்டுகிறவரை யாரும் கேட்கவில்லை. லோய் தன் சட்டையை எடுத்து உதறிப் போட்டுக்கொண்டு, தான் ஓடி வந்த பாலத்தின் மேலேயே திரும்பி நடந்து போனான்.

வீட்டுக்கு வந்தேன். உன் அம்மா பிள்ளை பெற்றுப் பன்னிரண்டு நாள். என் முகத்தைப் பார்த்ததுமே, "என்னா நடந்துச்சு?" என்றாள். சொன்னேன். "நெசமாவே கறுத்துப்போச்சா?" என்றாள். நான் தலையை ஆட்டவில்லை. சங்கத்தை எதிர்த்தால் சுங்கத்தில் வேலை போகும், கைக்குழந்தையை வைத்துக்கொண்டு என்ன செய்வது, பிள்ளைக்காகத்தான் அப்படிச் சொன்னேன் என்றேன். அவள் தூளியிலிருந்து உன்னை எடுத்து மடியில் போட்டுக்கொண்டு, "புள்ளய இதுல இழுக்காதீங்க. அவனுக்கு இன்னம் பேரே வைக்கல. அதுக்குள்ள ஒரு பொய்ய அவன் தலையில வைக்கிறீங்களே" என்றாள். இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. பிறகு பேசினாள், அதைப் பற்றி மட்டும் பேசவே இல்லை. நான் சுருளைக் கழுவினேன். துளிக் கறுப்பு இல்லை. டப்பாவில் போட்டு மூடி வைத்தேன். அதற்குப் பின் எத்தனையோ எடுத்தேன். நீச்சல், சைக்கிள், கால்பந்து, படகுப் போட்டி. பத்திரிகையில் போட்டார்கள். சங்கத்தின் சுவரில் என் போட்டோவை மாட்டினார்கள். கான் ஹொய்யில் லோய்க்கு வேறு பெயர் வந்துவிட்டது. படகு லோய். மூட்டை தூக்குகிறவர்கள் கூப்பிட்டார்கள், சோற்றுக்கடையில் கூப்பிட்டார்கள், அவன் மகளைப் பெண் பார்க்க வந்தவர்கள்கூட அப்படித்தான் விசாரித்துக்கொண்டு வந்தார்கள். அந்தப் பெயர் தேய்ந்து மறைய இருபது வருஷம் ஆயிற்று. நீ ஒரு பிற்பகலில் திரும்பக் கொண்டு வந்துவிட்டாய். உன் படம் ஓடிய மூன்றாம் நாள் துறையில் மறுபடி அப்படிக் கூப்பிடத் தொடங்கிவிட்டார்கள். நான் என் காதால் கேட்டேன்.

நீ வெட்டிப் போட்டிருந்த துண்டுகள் உன் மேசைக்கடியில் துணிப்பையில் கிடந்தன. அடித்த பின் நீ வெளியே போய்விட்டாய். நான் மண்டி போட்டு உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கினேன். உன் ஆட்கள் தடுக்கவில்லை. ஒருவர் குனிந்து எனக்கு எடுத்தும் கொடுத்தார். வீட்டில் சாப்பாட்டு மேசை மேல் வைத்து இரண்டு நாள் ஒட்டினோம். உன் அம்மா நகத்தால் ஓரத்தைச் சுரண்டிக் கொடுத்தாள், நான் பசை தடவி அழுத்தினேன். ஒவ்வொரு துண்டையும் அவள் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். "பாருங்க, இதுல ரெண்டு பேரும் சமமா வர்றாங்க. இதுலதான் அவரு முந்துறாரு. கத்திரிக்கோலைச் சரியா அங்கதான் வெச்சிருக்கான்" என்றாள். உனக்காகப் பரிந்து பேச அவள் ஏதாவது ஒரு துண்டில் இடம் கிடைக்குமா என்று தேடினாள். கிடைக்கவில்லை.

பழைய புரொஜெக்டர் ஒன்றை இரவல் வாங்கிக்கொண்டு கான் ஹொய்க்குப் போனேன். லோய்க்கு இப்போது இடது கால் சரியில்லை. கிடங்கில் மூட்டை அடுக்கு சரிந்து விழுந்து முட்டிக்குக் கீழே நொறுங்கி, கோணலாகக் கூடியிருக்கிறது. காவல்காரன் வேலை பார்க்கிறார். ஆமாம், இனி அவரை அவர் என்றுதான் எழுதுவேன். என்னைப் பார்த்ததும், "படக்கார அண்ணன்" என்று அடையாளம் கண்டுகொண்டார். இப்போது எனக்கு அவருடைய மொழி நன்றாகவே வரும். நின்றபடியே சொன்னேன்: "அன்றைக்கு நான் பொய் சொன்னேன். பிலிம் கறுக்கவில்லை." அவர் வெற்றிலையை ஓரமாக ஒதுக்கிக்கொண்டு, "தெரியும்" என்றார். "எப்படி?" என்றேன். "கெட்டுப்போன பெட்டியை யாரும் கைக்குழந்தையைப் பிடிக்கிற மாதிரி மடியில் அணைத்துப் பிடித்துக்கொண்டு உட்கார மாட்டார்கள்" என்றார். இருபத்து நான்கு வருஷமாகத் தெரிந்தே இருந்திருக்கிறார். வழியில் என்னைப் பார்க்கும்போதெல்லாம் தலையசைத்துக்கொண்டுதான் போயிருக்கிறார்.

பகல் வேளையிலேயே கிடங்கின் கதவுகளைச் சாத்தி, அரிசிச் சாக்குகளின் மேல் வேட்டியைக் கட்டிப் படத்தை ஓட்டினேன். நான் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். லெப்டினன்ட்டை முந்துகிற இடத்தில் அவர் துள்ளுவார், அழுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் லெப்டினன்ட்டைப் பார்க்கவே இல்லை. திரையின் கீழ்ப்பாதியையே பார்த்தார். "கால்" என்றார். "என் கால். அண்ணா, நிறுத்துங்க, அங்கேயே நிறுத்துங்க." "நிறுத்தினால் விளக்குச் சூட்டில் பிலிம் எரிந்துவிடும்" என்றேன். "அப்போ திரும்ப ஓட்டுங்க." திரும்ப ஓட்டினேன். எட்டுத் தடவை ஓட்டினேன். "ஜெயித்தது எனக்குத் தெரியும். அதை நீங்கள் காட்டத் தேவையில்லை. ஆனால் இந்தக் கால் எப்படி ஓடியது என்பதை நான் பார்த்ததே இல்லையே" என்றார். கால்சட்டையைச் சுருட்டி, கோணல் காலைக் கையால் தடவிக்கொண்டே பார்த்தார். எட்டாவது தடவை முடிந்ததும் என்னிடம் திரும்பி, "உங்கள் மகன்தான் படத்தில் பேசியது என்கிறார்களே. அவர் இதைப் பார்த்தாரா?" என்று கேட்டார்.

பார்க்கவில்லை என்று சொல்ல வாயெடுத்துவிட்டேன். பழைய பழக்கம். பிள்ளையைக் காட்டி இன்னொரு பொய். பல்லைக் கடித்துக்கொண்டு, "பார்த்தான்" என்றேன். "பார்த்த பிறகுமா?" என்றார். அவ்வளவுதான் கேட்டார். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். மகனே, அந்தக் கேள்விக்கு நான் என்ன பதில் சொல்லியிருக்க வேண்டும்? நீ பிரெஞ்சிலும் தமிழிலும் வாய் கிழியப் பேசுகிறவன். நீ சொல்.

அங்கிருந்து நேராகச் சங்கத்துக்குப் போனேன். இப்போதைய காரியதரிசி இளைஞன், மரியாதையானவன். நாற்காலி போட்டான். எல்லாவற்றையும் சொல்லி, படத்தை ஓட்டிக் காட்டுகிறேன், தீர்ப்பைத் திருத்துங்கள் என்றேன். "பழைய கதை, முசியே. யாருக்கு என்ன லாபம்? உங்கள் பெயரும் கெடும்" என்றான். நீயும் படம் வெட்டுகிற அறையில் இதைத்தான் சொன்னாய். இருவருக்கும் ஒரே வாத்தியார் போலிருக்கிறது. நான் எழுந்து போய்ச் சுவரில் இருந்த என் போட்டோவைக் கழற்றினேன். ஆணி வரவில்லை, சுண்ணாம்போடு பெயர்ந்தது. கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தெருவோடு நடந்து வந்தேன். தெரிந்தவர்கள் என்ன என்று கேட்டார்கள். நின்று நின்று ஒவ்வொருவரிடமும் சொன்னேன். மாரியம்மன் கோயில் வாசலில் வெள்ளிக்கிழமைக் கூட்டம் இருந்தது. அங்கேயும் சொன்னேன். பாதிப் பேர் என்னைப் பைத்தியம் என்று நினைத்தார்கள். நினைக்கட்டும்.

இன்னும் ஒன்று இருக்கிறது. இதை உன் அம்மாவிடமும் சொன்னதில்லை. நீ அவள் எதிரில் படிக்கும்போது அவளும் கேட்கட்டும். வேலை போய்விடும், குழந்தை இருக்கிறது என்பதெல்லாம் வீட்டுக்கு வருகிற வழியில் நான் தேடிக்கொண்ட காரணங்கள். நடுவர் மேசைக்கு முன்னால் அது எதுவும் என் நினைவில் இல்லை. அன்று லோய் ஓடிய நேரம் அந்த வழியில் நான் ஓடிய எந்த நேரத்தையும்விடக் குறைவு. நேரத்தைப் பார்த்தவன் கடிகாரத்தை உயர்த்திக் கத்தினான், அது என் காதில் விழுந்தது. என் முட்டி போய்விட்டது, இனி அந்தச் சாதனையை நான் திருப்பி எடுக்க முடியாது. தலைவர் என்னைக் கேட்டபோது, ஒரு வார்த்தை சொன்னால் சங்கத்துச் சாதனைக் கணக்கில் என் பெயர் அழிந்து அவர் பெயர் ஏறும் என்பது மட்டும்தான் எனக்குத் தெரிந்தது. பயத்தில் பொய் சொன்னவனைக்கூட மன்னிக்கலாம். நான் பொறாமையில் சொன்னேன். எனக்கு இளநீரில் பாதி கொடுத்தவர் மேல் பொறாமை. என் பேராசைதான் உன் கையில் கத்திரிக்கோலாக வந்திருக்கிறது என்று நினைக்கும்போதுதான் உன் மேல் எனக்கு இத்தனை கோபம் வருகிறது. அதற்காக உன்னை விட்டுவிட மாட்டேன். நான் யாரையும் கேட்க முடியாத ஒரு நொடியில், தனியாக நின்று தப்புச் செய்தேன். நீ செய்தபோது உன் எதிரில் அந்தப் பாலம் முழுதாக ஓடிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்துக்கொண்டேதான் வெட்டினாய்.

மார்சேய்க்குப் போகாதே என்று சொல்லவில்லை. வேலை உனக்கு வரும், உனக்குக் கை இருக்கிறது, கண் இருக்கிறது. ஒட்டிய சுருளை உன் அம்மா இந்தக் கடிதத்தோடு கொண்டு வருகிறாள். அதை எடுத்துக்கொண்டு போ. கம்பெனிக்காரர்களிடம் இதைப் போட்டுக் காட்டு. உன் வாயாலேயே புதிதாகப் பேசு. அவர்கள் வேண்டாம் என்றால், அவர்களுடைய வேலையும் உனக்கு வேண்டாம். என் பெயரை எடுத்துவிடு. அந்தத் தந்தைப் பட்டத்தைப் பார்த்தால் எனக்குக் குமட்டுகிறது. அதெல்லாம் முடியாது, நான் வெட்டிய படத்து டப்பாவைத்தான் கொண்டு போவேன் என்று நீ முடிவு செய்தாலும் செய்யலாம். நீ வளர்ந்தவன். மறுபடி அடிக்க மாட்டேன்.

ஆனால் வியாழக்கிழமை காலையில் நான் துறைக்கு வருவேன், லோயோடு. கேட்டுவிட்டேன், வருகிறேன் என்று சொல்லியிருக்கிறார். வண்டி வேண்டாமாம், பாலத்தின் மேல் நடந்தே வருகிறாராம். அவர் கால் மெதுவாகத்தான் வரும், அதனால் விடிந்ததுமே கிளம்பிவிடுவோம். கப்பலின் படிக்கட்டுக்குப் பக்கத்தில் நிற்போம். அந்த டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு ஏறுவதானால், ஏறுவதற்கு முன்னால் அவர் முகத்தைப் பார்த்து, அவர் படகில் வந்தார் என்று ஒரு தடவை சொல்லிவிட்டு ஏறு.